முன்ஜாமீன் மனுவில் ஆடிச் சீர்

என் அண்ணன் வீட்டில் வரதட்சணை என்ற சொல்லை யாரும் வாயில் எடுக்க மாட்டார்கள். அது தரம் கெட்டவர்கள் கேட்பது. இவர்கள் கேட்பது சீர். கல்யாணச் சீர், ஆடிச் சீர், தலைதீபாவளிச் சீர், பொங்கல் சீர். சொல்லை மாற்றினால் கை சுத்தமாகிவிடும் என்று அண்ணன், அண்ணி, அவர்கள் மகன் மூவரும் உண்மையாகவே நம்பினார்கள்.

கல்யாணமாகி இரண்டாவது ஆடி முடிந்ததும், மகன் தன் மனைவியை ஒரு பெட்டியோடு காரைக்காலில் அவள் அப்பா வீட்டு வாசலில் இறக்கிவிட்டான். சீராகக் கார் வந்தால் அதிலேயே நெரவியில் உள்ள தங்கள் வீட்டுக்குத் திரும்பி வரலாம் என்று சொல்லிவிட்டு வந்தான். அவள் போலீஸில் புகார் கொடுத்தாள். மூவர் மீதும் வழக்கு.

எல்லோரும் வரதட்சணைக் கொடுமைக்கான பழைய பிரிவைச் சொல்லி, நானூற்றுத் தொண்ணூற்றெட்டு ஏ என்றே பேசிக்கொண்டிருந்தார்கள். சட்டம் மாறி அது இப்போது எண்பத்தைந்தாவது பிரிவு என்றேன்.

"நம்பர் குறைஞ்சிருக்குல்ல, தண்டனையும் குறைஞ்சிருக்கும்" என்றார் அண்ணி.

மகன் நாகூரில் ஒரு லாட்ஜில் போய்ப் படுத்துக்கொண்டான். வாஞ்சூர் எல்லையைத் தாண்டினால் தமிழ்நாடு, நம் புதுச்சேரி போலீஸ் அங்கே வராது என்பது அவன் கணக்கு. சாராய பாட்டிலைத் தடுக்கிற சோதனைச் சாவடி போலீஸையும் தடுக்கும் என்று நினைத்தான் போலிருக்கிறது. எம்.பி.ஏ. படித்தவன்.

கைதாகாமல் இருக்க முன்ஜாமீன் ஒன்றுதான் வழி. வக்கீல் எழுதிய மனுவைப் படித்துச் சொல்ல அண்ணன் என்னை அழைத்தார். எங்கள் வீட்டில் ஆங்கிலம் பிழையில்லாமல் படிக்கிறவன் நான். ஐந்தாவது பத்தி வரை வழக்கமான மறுப்புதான். ஆறாவதில், பெண் வீட்டார் செய்ய வேண்டிய ஆடிச் சீரை இரண்டு வருடமும் செய்யவில்லை, பொங்கல் சீரும் குறைவாகவே வந்தது, ஆனாலும் மனுதாரர்கள் பெருந்தன்மையோடு பொறுத்துக்கொண்டார்கள் என்று இருந்தது.

"இதை எடுத்துடுங்க" என்றேன்.

"ஏன்? நம்ம பொறுமை ஜட்ஜுக்குத் தெரிய வேணாமா?" என்றார் அண்ணன்.

வக்கீல் என்னைப் பார்த்துக் கையை விரித்தார். "ரெண்டு தடவை அந்தப் பத்தியை அடிச்சு எடுத்தேன் சார். ரெண்டு தடவையும் சேர்க்கச் சொல்லிட்டாரு. இல்லேன்னா வேற வக்கீல் பார்க்கறேங்கறாரு."

"என் தம்பி எப்பவும் இப்படித்தான்" என்று அண்ணன் அவரிடம் சொன்னார். "மாமியா வீட்டுல ஒரு டம்ளர்கூட வாங்காத ஆளு. அவனுக்கு இதெல்லாம் என்ன தெரியும்?"

விசாரணையன்று நீதிமன்றத்தில் நானும் பின்வரிசையில் இருந்தேன். அரசு வக்கீல் வேறெதையும் பெரிதாகப் பேசவில்லை. ஆறாவது பத்தியை நிதானமாகப் படித்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "செய்ய வேண்டியதுன்னு எழுதியிருக்கீங்களே, வேண்டியதுன்னு யார் முடிவு பண்ணினது?"

எங்கள் வக்கீல், அது வழக்கம் என்றார். வழக்கத்தை மீறியதற்காகத்தான் பெண்ணைப் பெட்டியோடு அனுப்பினார்களா என்று நீதிபதி கேட்டார். வக்கீல் மனுவைப் புரட்டினார். அண்ணனிடம் பதில் இருந்திருக்கும், நல்லவேளை, அவரைப் பேசவிடவில்லை.

வயதையும் அண்ணியின் சர்க்கரையையும் பார்த்துப் பெற்றோர் இருவருக்கும் முன்ஜாமீன் கிடைத்தது. பெண்ணின் நகைகளையும் பொருள்களையும் திருப்பித் தர வேண்டும், வாரம் ஒருமுறை ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்று நிபந்தனை. மகனைப் பொறுத்தவரை மனு தள்ளுபடி.

உயர்நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று வக்கீல் வெளியே விளக்கிக்கொண்டிருந்தபோது, நாகூர் லாட்ஜிலிருந்து அண்ணனுக்கு அழைப்பு வந்தது. பேசியது மேனேஜர். காரைக்கால் போலீஸ் வந்து பையனை ஜீப்பில் ஏற்றிவிட்டார்களாம்.

அண்ணி வேப்ப மரத்தடியில் உட்கார்ந்துவிட்டார். அண்ணன் என் பக்கம் திரும்பினார். மகனைப் பற்றித்தான் கேட்கப்போகிறார் என்று நினைத்தேன்.

"ஏன்டா, அவங்க சீர் செய்யலங்கறது உண்மைதானே? உண்மையை எழுதுனது தப்பா?"

"தப்பில்லை" என்றேன். "போலீஸும் எஃப்.ஐ.ஆர்.ல அதைத்தான் எழுதியிருக்காங்க."