நின்றதாகக் காட்டிய திரை

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஒரு சின்ன சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை பார்த்தேன். இரும்புக் கம்பி உருட்டும் ஆலைகளுக்குக் கன்ட்ரோல் ரூம் புரோகிராம் எழுதிக்கொடுப்பதுதான் எங்கள் தொழில். எந்த ரோலர் ஓடுகிறது, எது நிற்கிறது என்பதைப் பெரிய திரையில் அது காட்டும். பச்சை என்றால் ஓடுகிறது அல்லது ஓடத் தயார், சிவப்பு என்றால் முழு நிறுத்தம்.

எல்லாப் புரோகிராமையும் போல அதுவும் எப்போதாவது படுத்துவிடும். அப்படி விழும்போது, எங்கே அடி சறுக்கியது என்பதைக் கம்ப்யூட்டரில் குறித்து வைத்துவிட்டுத் தானே மூடிக்கொள்ளும். அந்தக் குறிப்பை வைத்துத்தான் நாங்கள் பிழையைத் தேடுவோம். குறிப்பை எழுத எங்களுக்குச் சொந்தமாக வழி கிடையாது. அதற்கென்றே ஒரு கோப்பு உண்டு, டிஎல்எல் என்போம். கம்ப்யூட்டரில் ஒரு பொது இடத்தில் இருக்கும், பல புரோகிராம்கள் அதைப் பகிர்ந்துகொள்ளும். புரோகிராம் மூடிக்கொண்டால் திரை இருண்டுபோகும். திரை இருண்டால் ரோலர் பக்கம் யாரும் போகக்கூடாது என்பது ஆலையில் எல்லோருக்கும் தெரியும்.

நான் அடிக்கடி போகும் ஓர் ஆலையில், கம்பி உருட்டும் வரிசையில் ஒருவர் இருந்தார். பழவேற்காடு ஏரியோரக் குப்பத்துக்காரர். ஏரியில் மீன்பாடு குறைந்ததும் ஆலைக்கு வந்துவிட்டார். நான் போகும்போதெல்லாம், "இன்னா மேடம், உங்க பொட்டி திரும்பப் படுத்துக்கிச்சா?" என்று சிரிப்பார். பதிலுக்கு நான், "படுத்தா உங்களுக்கு ரெஸ்ட்டுதானேண்ணா" என்பேன். எங்களுக்குள் அவ்வளவுதான் பழக்கம்.

ஒருநாள் மதியம் ஆலையிலிருந்து போன் வந்தது. ரோலருக்கு நடுவில் கம்பி ஒன்று சிக்கி நின்றிருக்கிறது. அவர் திரையைப் பார்த்திருக்கிறார். சிவப்பு. கடப்பாரையை எடுத்துக்கொண்டு உள்ளே போயிருக்கிறார். கம்பியை நெம்பியதும் ரோலர் ஓட ஆரம்பித்துவிட்டது. வலது கை முழங்கை வரைக்கும் போய்விட்டது.

நான் போனபோது தரையைக் கழுவி விட்டிருந்தார்கள். ரோலர்களின் மெயின் ஸ்விட்சை அணைத்து எல்லாவற்றையும் நிறுத்தியிருந்தார்கள். திரை மட்டும் அப்படியே இருந்தது. அந்த ரோலர் சிவப்பு, மற்றதெல்லாம் பச்சை. எல்லாம் நின்றுபோன ஆலையில் பச்சை எப்படி? திரையின் மூலையில் இருந்த கடிகாரத்தைப் பார்த்தேன். விபத்துக்குக் கொஞ்சம் முன்னால் அது நின்றுபோயிருந்தது.

"மெயின் ஸ்விட்ச ஆஃப் பண்ணாமலே உள்ள பூந்துக்கிறான்" என்றார் ஆலை மேனேஜர். "காலைலயே ஊத்திக்கினு வந்திருப்பான். இனிமே நமக்குத்தான் பேஜாரு."

அந்தக் கம்ப்யூட்டரை அங்கேயே உட்கார்ந்து பார்த்தேன். புரோகிராம் விழுந்தது உண்மை. ஆனால் குறிப்பு இருக்க வேண்டிய இடத்தில் வெறும் தலைப்பு மட்டும் இருந்தது, உள்ளே ஒன்றுமில்லை. எழுத ஆரம்பித்துப் பாதியில் சிக்கியிருக்கிறது. அந்த டிஎல்எல்லைத் தேடிப் பார்த்தபோது, நாங்கள் வைத்த கோப்பு அங்கே இல்லை. அதே பெயரில் ரொம்பப் பழைய கோப்பு ஒன்று உட்கார்ந்திருந்தது. சில நாளுக்கு முன்னால்தான் எடைமேடைக்காக வேறொரு கம்பெனி ஆள் வந்து அதே கம்ப்யூட்டரில் தங்கள் புரோகிராமை ஏற்றிவிட்டுப் போயிருக்கிறார். அது தன்னிடமிருந்த பழைய பிரதியை எங்களுடையதன் மேல் போட்டுவிட்டது. யாரையும் கேட்கவில்லை, யாருக்கும் தெரியவில்லை.

எங்கள் புரோகிராம் விழும்போது வழக்கம்போல அந்தக் கோப்பைக் கூப்பிட்டிருக்கிறது. பழைய கோப்புக்கு அது கேட்டது புரியவில்லை. இரண்டும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நின்றுவிட்டன. புரோகிராம் சாகவும் இல்லை, பிழைக்கவும் இல்லை. திரை இருளாமல், கடைசியாகக் காட்டியதையே காட்டிக்கொண்டிருந்தது. பிழையைக் கண்டுபிடிக்க வைத்த கோப்பு அவர் கையைக் கொண்டுபோய்விட்டது.

ஆபீசுக்கு வந்து, அதே பழைய கோப்பை வைத்து எங்கள் புரோகிராமை வேண்டுமென்றே விழ வைத்தேன். சிவப்பு சிவப்பாகவே நின்றது. இன்னொரு தடவை செய்து பார்க்க மனசு வரவில்லை. ஆனாலும் செய்தேன்.

எங்கள் முதலாளி எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார். கெட்டவர் இல்லை. "ஸ்விட்ச ஆஃப் பண்ணாமதான போனாரு? அது உண்மைதானேம்மா?"

"உண்மைதான் சார். நம்ம திரை பொய் சொன்னதும் உண்மைதான்."

"அத விசாரணைல எழுதிக் குடுத்தா இந்தப் பேட்டைல ஒரு மில்லும் நம்மள உள்ள சேக்காது. இங்க பத்துப் பேர் ஊட்ல அடுப்பெரியுது. கொஞ்சம் யோசி."

யோசித்தேன். அந்த வாரமே பொன்னேரியிலிருந்து பஸ் பிடித்துப் பழவேற்காட்டுக்குப் போனேன். ஆஸ்பத்திரியிலிருந்து அவரை வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். கட்டுப் போட்ட கையைத் தலையணை மேல் வைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்திருந்தார். அவர் மனைவி என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றார். வா என்று சொல்லவில்லை.

"குடிச்சிட்டுப் போனாருன்றாங்க மேடம். எங்க அண்ணனே ஆஸ்பத்திரில வச்சி அப்டி கேட்டான். இவரு அன்னிலேர்ந்து யாராண்டயும் பேசறதில்ல."

அவர் என்னைப் பார்த்தார். சிரிப்பு இல்லை. "ஸ்க்ரீன் செவப்பாதான இருந்துச்சு?" என்று கேட்டார்.

"செவப்பாதான் இருந்துச்சுண்ணா. அது நின்னுபோன ஸ்க்ரீன். கீழ ரோலர் ஓடறதுக்கு ரெடியா இருந்துருக்கு, மேல அது காட்டல. நீங்க சரியாதான் பாத்தீங்க."

"ராத்திரிலாம் அதான் எனுக்கு. பாத்தனா, பாக்கலயான்னு. எல்லாரும் சொல்லச் சொல்ல, பாக்கலியோன்னு எனுக்கே தோண ஆரம்பிச்சிடுச்சு." பிறகு மனைவியிடம் திரும்பி, "உங்கண்ணன இட்டுனு வா" என்றார்.

மனைவியின் அண்ணன் வந்தார். நான் மறுபடியும் முதலிலிருந்து சொன்னேன். டிஎல்எல், கோப்பு எதுவும் அவருக்குப் புரிந்திருக்காது. கேட்டுவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். மன்னிப்பு என்றெல்லாம் ஒன்றும் கேட்கவில்லை. படுக்கையோரம் போய் உட்கார்ந்தார்.

ஆலையில் விசாரணை நடந்தபோது நான் கம்ப்யூட்டரைக் கொண்டுபோய், திரை எப்படி நிற்கிறது என்று விசாரிக்க வந்த அரசு அதிகாரியின் கண் முன்னால் செய்து காட்டினேன். எழுதியும் கொடுத்தேன். அவர் கவனமாகப் பார்த்தார். கடைசியில் வந்த முடிவில், மென்பொருள் கோளாறு என்று ஒரு வரி இருந்தது. தொழிலாளி ஸ்விட்சை அணைக்காததே முதன்மைக் காரணம் என்று பல வரிகள் இருந்தன. கை போனவருக்குக் கேட்டில் வாட்ச்மேன் வேலை தருவதாக முதலில் சொல்லியிருந்த ஆலை, பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. அந்த ஆலை எங்களை வெளியே அனுப்பியது. எங்கள் முதலாளி என்னை அனுப்பினார். என் முகத்தைப் பார்க்காமல், "வேற எடம் பாத்துக்கோம்மா" என்றார்.

அதே எடைமேடைப் புரோகிராமும் எங்கள் புரோகிராமும் ஒரே கம்ப்யூட்டரில் இருக்கும் ஆலைகள் எவை என்று எனக்குத் தெரியும். கிளம்பும் முன் எல்லாவற்றுக்கும் மெயில் அனுப்பினேன். பதில் வராத இடங்களுக்கு நேரில் போனேன். இரண்டு இடத்தில் உள்ளே விட்டார்கள். இரண்டிலும் அந்தப் பழைய கோப்பு இருந்தது. மாற்றிவிட்டு வந்தேன்.

பேட்டையின் கோடியில் இருந்த ஆலையில் கேட்டைத் தாண்ட விடவில்லை. "நீங்க இப்ப அந்தக் கம்பெனில இல்லயாமே. உள்ள உட்டா என் வேல பூடும்மா" என்றார் செக்யூரிட்டி. எதிரில் இருந்த டீக்கடையில் போய் நின்றேன். ஷிப்ட் முடிந்து வெளியே வந்தவர்கள் டீ குடிக்க வந்தார்கள். ஒவ்வொருவரிடமும் சொன்னேன்: செவப்பப் பாத்து நம்பாதீங்கண்ணா, மூலைல கடிகாரம் ஓடுதான்னு பாருங்க, ஸ்விட்ச ஆஃப் பண்ணிட்டுப் போங்க. சிலர் நின்று கேட்டார்கள். சிலர் எதையோ விற்க வந்தவள் என்று நினைத்துக் கிளாஸை வைத்துவிட்டு ஸ்டேஷன் பக்கம் நடந்தார்கள்.