தொலைக்காட்சியில் பறிபோன பாடு

என் கணவரின் பாடு ஒரு தொலைக்காட்சிப் படத்தில் பறிபோனது. அதை மீட்டுக் கொடுத்தவர் ஒரு நடிகர். அவருக்கு நான் பட்டிருக்கும் நன்றிக்கடனை எழுதி வைக்க வேண்டும் என்று வெகு நாளாக நினைத்திருந்தேன். நடந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

பாடு என்றால் என்ன என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். பழவேற்காடு ஏரி கடலோடு சேரும் முகத்துவாரத்துக்கு அருகில் இறால் நன்றாகப் படும் இடங்கள் உண்டு. அங்கே நினைத்தவர் நினைத்த நாளில் வலை போட முடியாது. ஊரில் எல்லோருக்கும் முறை வைத்திருக்கிறோம். ஒருவருடைய முறைதான் அவருடைய பாடு. அதைத் தவறவிட்டால், ஊர் முழுக்கச் சுற்றி மறுபடி வரும்வரை காத்திருக்க வேண்டும். பெரிய குற்றம் செய்தவருக்கு ஊர் பாட்டை நிறுத்தும். அம்மன் கோயில் முன்னால் எல்லோரும் கூடி உட்கார, தாம்பாளத்தில் வெற்றிலை வைத்து, தலைவர் எழுந்து நின்று அதைச் சொல்வார். நிறுத்தப்பட்டவரோடு சேர்ந்து வலை பிடிப்பவருக்கும் பாடு போய்விடும்.

படம் எடுக்க வந்தவர்கள் சென்னைக்காரர்கள். இன்னும் சில வருடங்களில் நாட்டில் என்னென்ன நெருக்கடிகள் வரலாம் என்பதை, ஏற்கெனவே நடந்துவிட்டதைப் போல நடித்தும் பேட்டி எடுத்தும் காட்டும் தொடர் அது. ஒரு வாரம் நகரத்தில் குடிநீர் நின்றுபோகிறது. இன்னொரு வாரம் தேர்தல் தள்ளிப் போய்க்கொண்டே இருக்கிறது. எங்கள் வாரத்தில் முகத்துவாரம் மணலால் அடைபட்டு ஏரி வற்றிவிடுகிறது. அரசாங்கம் எல்லோரையும் எளாவூர்ப் பக்கம் அடுக்குமாடி வீடுகளுக்குப் போகச் சொல்கிறது. ஊர் இரண்டாகிறது. போகச் சம்மதித்து முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு வரும் மீனவராக நடிக்க என் கணவரைத் தேர்ந்தெடுத்தார்கள். இயக்குநர் ஒரு இளம்பெண். அண்ணன் முகம் பேசாமலே பேசுகிறது என்றார். இத்தனை வருடமாக அந்த முகத்தைப் பார்க்கிறவள் நான். அது பேசி நான் கேட்டதில்லை.

எங்கள் தலைவர் தலைவராக நடிக்க மறுத்துவிட்டார். அதனால் சென்னையிலிருந்து ஒரு நாடக நடிகர் வந்தார். பகலில் பெயிண்ட் கடையில் வேலை, சாயங்காலம் நாடகம் என்றார். கூட்டக் காட்சி நிஜம் போலவே இருக்க வேண்டும் என்று இயக்குநர் விரும்பியதால் கோயில் முன்னாலேயே எடுத்தார்கள். ஊரே வந்து உட்கார்ந்தது. தாம்பாளத்தில் வெற்றிலையை நான்தான் அடுக்கினேன், காம்பெல்லாம் ஒரே பக்கம் பார்க்கும்படி. நடிகர் எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டு, என் கணவரைப் பார்த்து, “இன்னிலேர்ந்து உனக்குப் பாடு இல்ல” என்றார். முதல் தடவையிலேயே சரியாக வந்துவிட்டது. பக்கத்தில் இருந்த என் ஓரகத்தி, “தண்ணியே இல்லாத ஏரில இன்னாத்துக்குப் பாடு?” என்று காதில் கேட்டாள். சிரிப்பு வராமலிருக்கப் புடவைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டேன்.

அடுத்த வாரம் எங்கள் பாடு. மழை முடிந்து இறால் படும் காலம். இந்த முறை போனால் அடுத்த முறை வரும்போது இறால் இருக்காது. எங்கள் வலைக்கு நாலு ஆள் வேண்டும். வழக்கமாக அவரோடு போகும் மூன்று பேரில் ஒருவருக்குத் திடீரென்று முட்டி வலி வந்தது. இன்னொருவர் ஆரம்பாக்கத்தில் மச்சான் வீட்டு விசேஷம் என்றார். மூன்றாமவர் ஓரகத்தியின் கணவர், என் கொழுந்தன். அவர் வந்து உட்கார்ந்து, டீ குடித்து, எழுந்து போனார். வேறு ஆட்களையும் கேட்டோம். ஒருவரும் மாட்டேன் என்று சொல்லவில்லை, ஒருவரும் வருகிறேன் என்றும் சொல்லவில்லை. என் கணவர் வாசலில் வலையைப் பிரித்துப் போட்டு, கிழியாத இடத்தையெல்லாம் தடவித் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார். அதற்குமேல் எனக்குப் பொறுக்கவில்லை. தலைவர் வீட்டுக்குப் போனேன்.

படம்தானே, நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் ஊர் கேட்காதா என்றேன். சொல்லிப் பார்த்துவிட்டதாகச் சொன்னார். எல்லோரும் தலையாட்டினார்களாம். படகில் ஏறத்தான் யாருக்கும் கால் வரவில்லை.

“நடிப்புன்னு எனக்குத் தெரியாதாம்மா? ஆனா அம்மன் முன்னாடி, வெத்தல வச்சி, ஊரு ஒக்காந்துனு இருக்கச்சொல்ல சொன்ன சொல்லு அது. நான் சொல்லியிருந்தா நானே எடுத்துடுவேன். சொன்ன வாய்தான் எடுக்கணும்.”

அவரிடம் எனக்குக் கோபம் வரவில்லை. சொல்லப்போனால், எனக்கும் உள்ளுக்குள் அப்படித்தான் இருந்தது.

இயக்குநருக்குப் போன் செய்தேன். முதலிலிருந்து இரண்டு தடவை விளக்க வேண்டியிருந்தது. அவர் சிரிக்கவில்லை. தான் வெளியூரில் படப்பிடிப்பில் இருப்பதாகச் சொல்லி, மன்னிப்புக் கேட்டு, நடிகரின் எண்ணைக் கொடுத்தார். நடிகரிடம் பாதி சொல்வதற்குள்ளேயே, “என்னிக்கு வரணும்க்கா?” என்று கேட்டார்.

எங்கள் முறைக்கு முந்தைய நாள் வந்தார். கடையில் விடுப்புச் சொல்லிவிட்டு, பொன்னேரிக்கு ஒரு பஸ், அங்கிருந்து பழவேற்காட்டுக்கு ஒரு பஸ், பிறகு படகு. கேமரா இல்லை, கூட யாரும் இல்லை. கையில் ஒரு பையில் அன்றைக்குக் கட்டியிருந்த அதே வேட்டி, அதே துண்டு.

“அதே ஆளுன்னு தெரியணும் இல்லக்கா” என்றார்.

மறுபடியும் ஊர் கூடியது. மறுபடியும் வெற்றிலை அடுக்கினேன். தலைவர் ஊரோடு ஊராகக் கீழே உட்கார்ந்திருந்தார். நடிகர் எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டு, தொண்டையைச் செருமி, அந்தப் பெரிய குரலில் ஆரம்பித்தார். இரண்டு சொல் வருவதற்குள் தலைவர் கையைத் தூக்கினார்.

“நடிக்காத நைனா. சும்மா சொல்லு.”

நடிகர் நின்றுவிட்டார். கையை எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரியவில்லை. துண்டைத் தோளிலிருந்து எடுத்து, மடித்து, இடுப்பில் கட்டிக்கொண்டார். பிறகு பெயிண்ட் கடையில் பேசுவாரே, அந்தக் குரல் வந்தது என்று நினைக்கிறேன்.

“அன்னிக்கு நான் சொன்னத நானே எடுத்துக்கறேன். இவரு பாடு இவருக்குத்தான்.”

தாம்பாளத்திலிருந்து வெற்றிலையை எடுத்து என் கணவர் கையில் கொடுத்தார். முட்டி வலிக்காரர்தான் எல்லோருக்கும் முன்னால் எழுந்து, காலையில் எத்தனை மணிக்குக் கிளம்ப வேண்டும் என்று கேட்டார். முட்டி இன்னா ஆச்சு என்று ஓரகத்தி விசாரித்தாள். அம்மன் பார்த்துக்கொண்டாள் என்றார் அவர், முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல்.

எங்கள் வீட்டில் நடிகருக்கு நண்டுக் குழம்பு வைத்தேன். ஓட்டை உடைக்கத் தெரியாமல் திண்டாடினார். என் கணவர் உடைத்து உடைத்து அவர் தட்டில் வைத்தார். “இத்தினி வருசமா நடிக்கறேன். என் வசனத்த நம்பி ஒருத்தர் வலை போடாம இருந்தது இங்கதான்” என்று சொல்லிவிட்டுச் சாப்பாட்டைத் தொடர்ந்தார். அதில் வருத்தமா பெருமையா என்று எனக்குப் பிடிபடவில்லை. போகும்போது ஒரு பொட்டலம் கருவாடு மட்டும் வாங்கிக்கொண்டார்.

மறுநாள் கிடைத்த இறால் சுமார்தான். ஆனால் நாலு பேர் போய் வலை போட்டார்கள்.

சில மாதங்கள் கழித்து ஒரு ஞாயிறு மத்தியானம் படம் ஒளிபரப்பானது. தலைவர் வீட்டில் கூடிப் பார்த்தோம். எங்கள் ஏரி வெடித்த தரையாகக் கிடந்தது. கோயில் படிவரை மணல். எப்படிச் செய்தார்களோ தெரியாது. பார்க்க அவ்வளவு நிஜமாக இருந்தது. ஓரகத்தி எழுந்து வாசலுக்குப் போய்த் தண்ணீரைப் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். நான் தினமும் எழுதும் நாட்குறிப்பில் முதல் வரி காற்று, இரண்டாவது முகத்துவாரம் திறந்திருக்கிறதா என்பது. காலையில் ‘திறந்திருக்கிறது’ என்று எழுதியிருந்தேன். அந்தச் சொல்லை அதுவரை நான் நிறுத்திப் படித்ததில்லை.

கூட்டக் காட்சி வந்தது. நடிகர் எழுந்து துண்டை உதறினார். உடனே தலைவர் ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்திவிட்டார். ஏன் என்று யாரோ கேட்டார்கள்.

“இன்னொரு வாட்டி அவர சென்னைலேர்ந்து ரெண்டு பஸ் ஏத்தி இட்டாற முடியுமா?”

திரையில் நடிகரின் வாய் அசைந்து மூடியது. அடுத்து என் கணவரின் முகம் பெரிதாக வந்தது. இயக்குநர் சொன்னது சரிதான். எனக்கு அது நன்றாகவே கேட்டது. என் கணவர் அதைப் பார்க்க அங்கே இல்லை. அன்று எங்கள் பாடு. கொழுந்தன், முட்டி வலிக்காரர், ஆரம்பாக்கத்து விசேஷக்காரர் மூவரோடும் ஏரியில் இருந்தார்.