ஒரு முகமும் எடுக்காத ஆறுமுகம்

ஆறுமுகம் போய்விட்டான் என்று கொட்டகலை பஸ் கண்டக்டர் என் ஸ்டூடியோ வாசலில் குரல் கொடுத்தபோது, நான் யாருடைய பாஸ்போர்ட் படத்தையோ கழுவிக்கொண்டிருந்தேன். காசநோய்க்கு ஆஸ்பத்திரியில் படுத்திருந்தவன். முப்பது வயதுகூட ஆகவில்லை. துக்கத்துக்கு முன்னால் எனக்குக் கோபம்தான் வந்தது.

கல்யாணப் படம் எடுத்துப் பிழைக்கத் தெரியாதவன் என்பது அவனை அறிந்த உங்களுக்கும் தெரியும். யாரும் கேட்காமலே தேயிலைத் தோட்டம் தோட்டமாகப் போய், தொழிலாளர்கள் வரிசை அறைகளில் அடைந்து கிடக்கும் லயத்து வாழ்க்கையைப் படம் பிடித்தான். போன இடத்தில் கேமராவைத் தொடாமல் பாதி நாள் உட்கார்ந்திருப்பான். "அவங்க நம்மள மறக்கணும்ணே, அப்புறந்தான் படம்" என்பான்.

ஆனால் யாரும் மறக்கவில்லை. இலங்கைப் பிரஜாவுரிமை மறுக்கப்பட்டுத் தோட்டத்து ஜனங்கள் இந்தியாவுக்குப் போய்க்கொண்டிருந்த காலம். என்னிடம் பாஸ்போர்ட் படம் பிடித்தவர்கள்தான் கப்பல் ஏறினார்கள். அதனால் படம் பிடித்தாலே அனுப்பிவிடுவார்கள் என்று லயங்களில் நம்பினார்கள். கொழுந்து பறிக்கும் செல்லம்மா அவனிடம் நேராகவே சொன்னாள்: "மூஞ்சிய எடுத்தீன்னா எம்பேரு கப்பலுக்குப் போயிரும் தம்பி. வேணும்னா கைய எடுத்துக்க."

அன்றிலிருந்து கைகளையும் முதுகுகளையும்தான் எடுத்தான். "ஆறுமுகம்னு பேர வச்சுக்கிட்டு ஒரு முகங்கூட எடுக்கலியேடா" என்று கேலி செய்வேன். அட்டனில் அந்தப் படங்களைப் பார்வைக்கு வைத்தபோது, கொழும்புக் கனவான் ஒருவர் புதுப் பாணி என்று பாராட்டினார். "பாணி இல்லீங்க ஐயா, பயம்" என்றான். கனவான் சிரித்தார்.

போன மாசியில் செல்லம்மாவுக்கே உத்தரவு வந்துவிட்டது. உடப்புசல்லாவையில் கட்டிக்கொடுத்த மகள், புருஷனுக்குப் பிரஜாவுரிமை கிடைத்ததால் இங்கே இருக்கலாம். தாய் போக வேண்டும். புறப்படும் நாளில் அவளே அவனைக் கூப்பிட்டாள். "ஆபீசுக்கு ஒண்ணு எடுத்தாச்சு. எம்மகளுக்கு ஒண்ணு எடு தம்பி." எடுத்தான். சுருளை என்னிடம் தந்துவிட்டு, இருமிக்கொண்டே ஆஸ்பத்திரிக்குப் போனான். தான் எடுத்த ஒரே முகத்தை அவன் பார்க்கவேயில்லை.

அடக்கம் முடிந்ததும்தான் அந்தச் சுருளைக் கழுவினேன். செல்லம்மாவின் கண் கேமராவை விட்டு விலகியிருந்தது. படம் பழுது என்றே நினைத்து, தயங்கித் தயங்கித்தான் மகளிடம் கொடுத்தேன். பார்த்ததும் அவளுக்கு அழுகை பொங்கியது. "நான் அவருக்குப் பின்னால நின்னேங்க. அம்மா என்னையத்தான் பாக்குது."

அவனிடமிருந்து எனக்கு மிஞ்சியது இதுதான்: படம் பிடிக்க வருகிறவர்களிடம் "இங்கே பாருங்க" என்று நான் இப்போது சொல்வதில்லை. பார்க்க வேண்டியவர்களைப் பார்த்துக்கொள்ளட்டும். முகம் நேரே பார்க்கவில்லையென்று பாஸ்போர்ட் ஆபீஸில் அந்தப் படங்களைத் திருப்பி அனுப்புகிறார்கள். அனுப்பட்டும். இன்னொரு படம் பிடிக்கும்வரையாவது அவர்கள் இங்கே இருப்பார்கள்.