குதிரை ஏறாத குதிரைப்படைக்காரர்

முதல் நாள் வேலைக்குப் போய்வந்த அத்தான் வாசலில் குந்தியிருந்து ஈரச் சப்பாத்தைக் கழற்றி, காலுறையையும் உரித்தார். இடது காலின் பெருவிரல் கத்தரிக்காய் நிறத்தில் வீங்கிப்போயிருந்தது. "ஆர் மிதிச்சது?" என்று கேட்டேன். "ஒரு வெள்ளைக் குதிரை. பேர் இன்னும் தெரியா" என்றார். பிறகு நிமிர்ந்து என்னை ஒரு பார்வை பார்த்தார். ஐஸ்கட்டி எடுக்கிற சாட்டில் நான் குசினிக்குள் ஓடிவிட்டேன். மிதித்தது குதிரைதான். ஆனால் அவரைக் கொண்டுபோய் அதன் குளம்புக்குக் கீழே விட்டவள் நான்.

அத்தான் என் அக்காவின் கணவர். மட்டக்களப்பில் உயர்தர வகுப்பு மாணவர்களுக்குக் கிரேக்க, உரோம நாகரிகம் படிப்பித்தவர். அதிலும் உரோமரின் குதிரைப்படை என்றால் அவருக்கு உயிர். இரண்டு தரம் ஆமிக்காரர் பிடித்துக்கொண்டுபோய் அடித்து விட்டார்கள். மூன்றாம் தரம் போனால் ஆள் திரும்பி வராது என்று அக்கா அவரை வலுக்கட்டாயமாக அனுப்பிவைத்தாள். அவளும் இரண்டு பெண் பிள்ளைகளும் அங்கே. அவர் இங்கே, மொன்றியலில், பார்க் எக்ஸ்டென்ஷனில் எங்கள் மூன்றரை அறை வீட்டில். அகதி என்று இந்த நாடு அவரை ஏற்றுக்கொண்டால் அக்காவையும் பிள்ளைகளையும் கூப்பிடலாம். ஏற்காவிட்டால் அவரையும் திருப்பி அனுப்பிவிடுவார்கள். எங்கள் வீட்டில் அந்த நாட்களில் வேறு கதையே கிடையாது. என்னுடைய வழக்கும் என் கணவரின் வழக்கும் கூட அப்போது முடிந்திருக்கவில்லை.

மாதக்கணக்கில் அவருக்கு வேலை கிடைக்கவில்லை. மனிதர் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஜன்னலோரம் இருப்பார். அதைப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வரும். எங்கள் கட்டடத்துக் கிரேக்கச் சொந்தக்காரர் ஒருநாள், மொன்றியல் தீவின் மேற்கு முனையில் சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூ பக்கம் ஒரு குதிரை லாயத்தில் ஆள் தேடுகிறார்கள் என்று ஒரு தொலைபேசி இலக்கம் தந்தார். தையல் தொழிற்சாலையில் பொறுக்கிய பிரெஞ்சு என்னிடம் கொஞ்சம் இருந்தது. நானே எடுத்துப் பேசினேன். "ஆளுக்குக் குதிரையோடு பழக்கம் உண்டா?" என்று முதலாளி கேட்டார். இல்லை என்றால் வைத்துவிடுவார். ஒரு கணம்தான் யோசித்தேன். "ஒன்பது வருடம் குதிரைப்படையில் பயிற்சி கொடுத்தவர்" என்றேன். நாளைக்கே வரச்சொல்லுங்கள் என்றார் முதலாளி.

அத்தான் தாண்டவம் ஆடினார். "இஞ்ச பார் புள்ள, நான் குதிரைய புத்தகத்தில பார்த்த ஆள். அது எந்தப் பக்கத்தால தின்னும் எண்டே எனக்குச் சரியாத் தெரியா!" பொய் சொல்லவே தெரியாத மனிதர் அவர். பரீட்சைத் தாளில் அரைப் புள்ளி கூடப் போட்டுவிட்டால் மாணவனைக் கூப்பிட்டுக் குறைக்கிற இனம். ஆனால் இரவுச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது குரல் மாறியிருந்தது. "நீ சொல்லிப்போட்டாய். இனி அதை நான் பழகத்தான் வேணும். உரோமன்ர ஆக்களும் பிறக்கேக்க குதிரையோட பிறக்கல்ல. முதல்ல மரக்குதிரையில பாய்ஞ்சு பாய்ஞ்சுதான் பழகினவங்கள், வெறுங்கையோட. மறுகா கவசத்தோட." அடுத்த நாள் விடிய முதல் மெட்ரோவில் ஏறி, பஸ் மாறி, பனிக்குள் நடந்து போனார். வரும்போதுதான் அந்தப் பெருவிரல்.

அவர் விடவில்லை. கடிபட்டார், உதைபட்டார், வைக்கோல் தூசியில் இருமி இருமிச் செத்தார். ஒரு கொப்பியில் ஒவ்வொரு குதிரையின் பெயரையும் குணத்தையும் எழுதி, பஸ்ஸில் பாடமாக்கினார். மூன்றாவது மாதம் முதலாளி, மிருக வைத்தியரைக் கூப்பிடுவதற்கு முன் அத்தானைக் கூப்பிட்டுக் குளம்பைப் பார்க்கச் சொன்னாராம். அதை அவர் சொன்ன விதத்தில் இருந்த பெருமையை நான் பிறகு அவர் முகத்தில் அதிகம் கண்டதில்லை.

ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கதை முழுக்க உரோமக் குதிரைக்காரர்தான். எங்கள் வீட்டில் அப்போது ஆறு பேர். குளியலறைக்கு வரிசை. யாராவது முணுமுணுத்தால் அத்தான் தொடங்குவார். "அவங்களுக்கு இதைவிட மோசம். ஒரு வீட்டில முன்னறை மூண்டு குதிரைக்கு, பின்னறை மூண்டு ஆளுக்கு. குதிரை மூத்திரத்துக்கு முன்னறைக்குள்ளேயே கிடங்கு வெட்டியிருக்கும். மணத்தோடதான் சாப்பாடு, படுக்கை எல்லாம். உங்களுக்கென்ன குறை?" கால் வைக்க அங்கவடி கிடையாதாம். சேணத்தின் நாலு மூலையிலும் கொம்பு மாதிரி நிற்குமாம், அதற்குள் தொடையை இறுக்கிக்கொண்டு ஈட்டியும் எறிவார்களாம். நான் பருப்புச் சட்டியைக் கழுவிக்கொண்டே ஓம் ஓம் என்பேன். ஒரு விஷயம் மட்டும் என்னைக் கையை நிறுத்திக் கேட்க வைத்தது. அந்தக் குதிரைக்காரர்களில் முக்கால்வாசிப் பேர் உரோமரே இல்லையாம். உரோமர் பிடித்த நாடுகளின் பொடியன்கள். இருபத்தைந்து வருடம் சேவை செய்தால், கடைசியில் வெண்கலத் தகட்டில் பேர் வெட்டிக் குடியுரிமை கொடுப்பார்களாம், அவனுக்கும் பிள்ளைகளுக்கும். "இருபத்தஞ்சு வருஷம் புள்ள! நான் வந்து ரெண்டு வருஷமும் ஆகல்ல. பொறுத்துக்கொள்ளலாம்" என்று சொல்லிவிட்டு, அத்தான் ஏனோ எழுந்து ஜன்னலடிக்குப் போனார்.

விசாரணைக்குத் திகதி வந்தது. வேலை செய்கிற இடத்திலிருந்து ஒரு நற்சான்றுக் கடிதம் நல்லது என்றார் வழக்கறிஞர். லாய முதலாளி மகிழ்ச்சியோடு எழுதி, உறையை ஒட்டிக் கொடுத்தார். நான் பிரித்து வாசிக்கிறேன் என்று கை நீட்டினேன். அத்தான் கையை இழுத்துக்கொண்டார். "ஒட்டின கடிதத்தை விலாசக்காரன்தான் உடைக்க வேணும். நாங்க உடைக்கிறது மரியாதை இல்ல." ஊரில் பாடசாலை அதிபர் தந்த நற்சான்றை இருபது மைல் சுமந்துபோய் ஒட்டியபடியே கொடுத்த தலைமுறை அது. நானும் விட்டுவிட்டேன். வழக்கறிஞரின் அலுவலகத்திலும் ஒருவரும் ஊன்றிப் படிக்கவில்லை. கடிதம் கோப்புக்குள் போனது.

விசாரணை அறையில் மேசைக்கு அந்தப் பக்கம் அகதிச் சபை உறுப்பினர்கள் இரண்டு பேர், ஒரு பெண்ணும் ஒரு ஆணும். அத்தான் கேட்டுக்கொண்டதால் என்னையும் மூலையில் இருக்க விட்டார்கள். காலை நன்றாகத்தான் போனது. அடி வாங்கியதைச் சொன்னார், தழும்பைக் காட்டினார். பிறகு அந்த ஆண் உறுப்பினர் ஒரு தாளை எடுத்து வைத்துக்கொண்டு மெதுவாக ஒரு கேள்வி கேட்டார். மொழிபெயர்ப்பாளர் சென்னைக்காரர். "சார், நீங்க ஒன்பது வருஷம் படையில இருந்து வீரர்களுக்கு ட்ரெயினிங் குடுத்தீங்கன்னு உங்க முதலாளி எழுதியிருக்கார். எந்தப் படைன்னு கேக்கறாங்க."

அரசாங்கப் படை என்றாலும் போச்சு, மற்றப் பக்கம் என்றாலும் போச்சு. காலையில் சொன்ன அத்தனையும் பொய்யாகிவிடும். என் வாயிலிருந்து தொலைபேசிக்குள் விழுந்த ஒரே ஒரு வசனம், என் அக்காவையும் அந்த இரண்டு பிள்ளைகளையும் அங்கேயே விட்டுவிடப் போகிறது. நான் எழும்பிவிட்டேன். "அது நான் சொன்ன பொய்!" என்று பிரெஞ்சில் கத்தினேன். அந்தப் பெண் உறுப்பினர் திரும்பினார்.

"இரு புள்ள" என்றார் அத்தான். என்னைப் பார்க்கவில்லை. மொழிபெயர்ப்பாளரிடம் நிதானமாகச் சொன்னார். "அவ எனக்காகச் சொல்றா. முதலாளிக்குப் பொய் சொன்னது நான்தான். வேலை வேணும் எண்டு, கூட இருந்தவளைக் கொண்டு சொல்லுவிச்சன். நான் வாத்தியார். ரெண்டாயிரம் வருஷத்துக்கு முந்தின குதிரைப்படையைத்தான் படிப்பிச்சனான். ஒரு தாளும் பென்சிலும் தாங்க, காட்டுறன்."

மஞ்சள் தாள் ஒன்று கொடுத்தார்கள். அத்தான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு எழுந்தார். நாலு கொம்புச் சேணத்தை வரைந்தார். படை எப்படி நிற்கும், குதிரைக்காரர் ஏன் அதன் இரண்டு பக்கமும் நிற்பார்கள், கேடயச் சுவரைக் கண்டால் குதிரை ஏன் பாயாது, வேவு பார்ப்பதும் ஓடுகிறவனைத் துரத்துவதும் ஏன் அவர்கள் வேலை என்று பாடம் நடத்தினார். மொழிபெயர்ப்பாளர் வியர்த்துக்கொண்டு பின்னால் ஓடினார். அந்தப் பெண், அங்கவடி இல்லாமல் எப்படி விழாமல் இருந்தார்கள் என்று கேட்டார். "நல்ல கேள்வி" என்றார் அத்தான். அட கடவுளே, தலைவிதியை எழுதுகிறவர்களிடம் போய் "நல்ல கேள்வி"!

ஆண் உறுப்பினர் மசியவில்லை. இதெல்லாம் உண்மையான பயிற்றுநருக்கும் தெரிந்திருக்கலாமே என்றார். அத்தான் கொஞ்சம் தலை குனிந்தார். "ஐயா, நான் இன்னும் ஒரு குதிரையிலையும் ஏறினதில்ல. எனக்குப் பயம்." பதினான்கு மாதம் லாயத்தில் வேலை செய்கிறவர்! அது எனக்கே புதுச் செய்தி. விசாரணையை நிறுத்தி, சத்தம் எல்லாருக்கும் கேட்கத்தக்கதாக முதலாளிக்குத் தொலைபேசி எடுத்தார்கள். முதலாளி உடனே சொன்னார்: "அவரா? ஏறவே மாட்டார். நடத்தித்தான் கூட்டிப் போவார். போரில் தன் குதிரையை இழந்த துக்கம் என்று நான் ஒருநாளும் கேட்கவில்லை." அந்தப் பெண் வாயைக் கையால் பொத்திக்கொண்டார். ஆண் உறுப்பினர் கூட மேசையைப் பார்த்துச் சிரித்தார்.

வெளியே வந்து பனிக்குள் நின்று நான் ஓவென்று அழுதேன். ஏன் அப்படிச் சொன்னீர்கள், சத்தியம் பண்ணியல்லவா இருந்தீர்கள் என்றேன். "உன்ர கேஸ் இன்னும் முடியல்ல. பொய்க்காரி எண்டு எழுதிப்போட்டா நீ எங்க போவாய்?" என்றார். அவ்வளவுதான். பஸ் வந்துவிட்டது என்று நடந்தார்.

ஏற்றுக்கொண்டோம் என்று கடிதம் வந்தது. ஒன்றரை வருடம் கழித்து அக்காவும் பிள்ளைகளும் வந்து இறங்கினார்கள். அந்தக் கிழமையே யாரோ விசாரணைக் கதையை அவளுக்குச் சொல்லிவிட, அக்கா சாப்பாட்டு மேசையில் அவரைப் பிடித்துக்கொண்டாள். "வாழ்க்கையில ஒரு பொய் சொல்லாத மனுசன் எண்டுதானே உங்களக் கட்டினன்! என்ர தங்கச்சியையும் அதில இழுத்துவிட்டிருக்கிறீங்க!" அத்தான் சோற்றைக் குழைத்துக்கொண்டே, "ஓம், பிழைதான்" என்றார். நான் எதிரில் இருந்தேன். என் தட்டில் மீன்குழம்பு இருந்தது. வாயைத் திறந்து சாப்பிட மட்டும் செய்தேன்.

பிறகு முப்பது வருடம் அக்கா அதைச் சொல்லிச் சொல்லி அவரைப் பகிடி பண்ணினாள். கோபம் வந்தால் குத்தியும் காட்டினாள். இன்றைக்கு வழக்கும் இல்லை, பயமும் இல்லை, என்னிடம் இந்த நாட்டுக் கடவுச்சீட்டு இருக்கிறது. இருந்தும் அவர் உயிரோடு இருந்தவரை எனக்கு வாய் வரவில்லை. போன மாசிக்கு அத்தான் செத்து ஒரு வருடம். திவசத்தன்று படத்துக்கு விளக்கேற்றிவிட்டு அக்கா பேரப்பிள்ளைகளுக்குச் சொன்னாள்: "உங்கட அம்மப்பா நல்ல மனுசன். ஒரே ஒரு பொய்தான் சொன்னவர்." பிள்ளைகள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

அக்கா, நான் எழுதுவதையெல்லாம் நீ கண்ணாடி போட்டு ஒரு வரி விடாமல் வாசிப்பாய் என்று தெரியும். அன்றைக்குத் தொலைபேசியில் குதிரைப்படை என்று சொன்னது நான். அவர் என்னைக் கொண்டு சொல்லுவிக்கவில்லை. நான் சொல்லி முடிக்கும்வரை அவருக்கு அது தெரியவே தெரியாது.