வாய் முன்னே, பாட்டுப் பின்னே

இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகளில் நான் ஒஸ்லோவில் சினிமா படித்தேன். அப்பா ஊர் முழுக்க நான் சட்டம் படிப்பதாகச் சொல்லிவைத்திருந்தார். மகள் நூறு வருடப் பழைய பிரிட்டிஷ் பாட்டுப் படங்களை ஆராய்கிறாள் என்று நாங்கள் இருந்த லோறென்ஸ்கூக்கில் யாரிடம்தான் சொல்வது? எனக்கு அது வலித்தது. ஒருநாளாவது அவர் வாயால் உண்மை வரவேண்டும் என்று ஆசைப்பட்டேன்.

அவை இரண்டு மூன்று நிமிடப் படங்கள். சினிமா ஊமையாக இருந்த காலம். பாட்டை முதலில் இசைத்தட்டில் பதிந்துவிட்டு, பிறகு அதற்கு வாயசைத்து நடிப்பார்கள். கொட்டகையில் படத்தையும் தட்டையும் ஒன்றாக ஓடவிடுவது யாரோ ஒருவரின் தலைவிதி. பிந்தினால், பாட்டுக்காரர் வாயை மூடிய பிறகும் பாட்டு வந்துகொண்டிருக்கும்.

வகுப்பில் அவற்றில் ஒன்றை அந்தக்கால முறையிலேயே காட்டுகிறேன் என்று வீறாப்பாகச் சொல்லிவிட்டேன். படத்தை நான் ஓட்டலாம். பாட்டு சீடியைப் போட ஆள் வேண்டும். கூடப் படித்தவர்கள் கைவிரித்தார்கள். மிச்சம் அப்பாதான். பதினைந்து வருடமாகத் தமிழ் விழாக்களில் பிள்ளைகளின் நடனத்துக்குப் பாட்டுப் போடுபவர். சரியான நேரத்தில் போட்டார் என்று ஒரு தாயும் சாட்சி சொல்ல மாட்டார்.

“சட்டம் படிக்கிற பிள்ளைக்கு இது என்னத்துக்கு?” என்று காரில் கேட்டார், தன் பொய்யைத் தானே நம்பிக்கொண்டு.

“அப்பா, பேசாமல் வாங்கோ. நான் கையைக் காட்டினவுடனை போடுங்கோ.”

வகுப்பில் கையைக் காட்டினேன். திரையில் தொப்பிக்காரர் ஒருவர் வாயைத் திறந்தார். அதிசயம், அப்பா சரியாகப் போட்டார். பாதியில் சீடி சிக்கி நின்றுவிட்டது. தொப்பிக்காரர் சத்தமில்லாமல் வாயைப் பிளந்துகொண்டிருந்தார். என் காதெல்லாம் சூடேறியது.

அப்பா எழுந்து நின்று கைதட்டத் தொடங்கினார். எங்கள் விழாக்களில் அதுதான் வழக்கம். சீடி நின்றால், மேடையில் நிற்கும் பிள்ளை அழுதுவிடக் கூடாது என்று மண்டபமே தாளம் தட்டும். பிள்ளை ஆடி முடிக்கும். செத்து மண்ணாய்ப் போன வெள்ளைக்காரரும் அழக்கூடாது என்று நினைத்தாரோ என்னவோ. நோர்வே மாணவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பிறகு அவர்களும் தட்டினார்கள். தொப்பிக்காரர் பாடி முடித்து, தொப்பியைக் கழற்றி வணங்கிவிட்டுப் போனார்.

“அந்தக் காலத்திலும் தட்டு நின்றால் இப்படித்தான் செய்வார்களா?” என்று பேராசிரியர் கேட்டார். அந்தக் கொட்டகையிலேயே பிறந்து வளர்ந்தவர்போல அப்பா தலையாட்டினார். நான் பாஸ்.

அடுத்த விழாவில் ஒரு மாமி, “மகள் சட்டம் முடிச்சிட்டாவோ?” என்று அப்பாவைக் கேட்டார். நான் மெல்ல நழுவப் பார்த்தேன்.

“சட்டமோ? ஆர் சொன்னது?” என்றார் அப்பா. “அவள் படமெல்லோ படிக்கிறாள். பாட்டுப் போட்டது நான்.”