குலேந்திரனின் இரண்டு ஜாடிகள்

செவ்வாய்க்கிழமை காலை குலேந்திரனின் மகள் மீரா கிளென்ஃபீல்டிலிருந்து அழைத்தாள். என்னிடம் எப்போதும் ஆங்கிலத்திலேயே பேசுகிற பெண், "ஆன்ரி, அப்பா போயிட்டார்" என்று தமிழில் சொன்னாள்.

நம் முதியோர் சங்கத்தில் குலேந்திரனை அறியாதவர் இல்லை. பேருந்து மெக்கானிக்காக இருந்து ஓய்வுபெற்றவர். இரண்டாம் உலகப்போரில் ஜெர்மானியர் சோதித்துப் பறக்கவிட்ட ராக்கெட் போர் விமானத்தைப் பற்றி அவரளவு படித்தவரை நான் கண்டதில்லை. குண்டுவீச்சுக்குத் தப்பி யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவருக்குப் போர் விமானத்தின் மேல் என்ன ஆசை என்று ஒருமுறை கேட்டேன்.

"பங்கருக்குள்ள இருந்து சத்தம் மட்டும்தான் கேட்டனான், மிஸ். மேல பறந்தது என்னெண்டு அறிய வேண்டாமோ?"

சென்ற ஆண்டு தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளுக்கு அவர் உரையாற்ற இருந்தார். எழுதியதைத் திருத்தும் பொறுப்பு ஆசிரியையாக இருந்த என்னுடையது. கன்னியாஸ்திரிகளிடம் படித்தவள் நான். திருத்தினால் கறாராகத்தான் திருத்துவேன். எரிபொருள் நிரப்பும்போது இறந்த பணியாளர்களைப் பற்றிய பத்தியை அடித்துவிட்டேன்.

"இருபது நிமிஷம்தான் குடுத்திருக்காங்க. விமானியைப் பத்திச் சொன்னா போதும்" என்றேன்.

"எட்டு நிமிசம் பறந்தவனைச் சொல்லுவம். அவனைப் பறக்கவிட்டுச் செத்தவனை விடுவமோ?"

நான் இசையவில்லை. அவர் முகம் வாடிப்போனது.

அந்த விமானத்தின் எட்டு நிமிடப் பறப்புக்கு எரிபொருள் இரண்டு திரவங்கள். ஒன்றையொன்று தொட்டால் வெடிக்கும். பிள்ளைகளுக்குக் காட்ட இரண்டு கண்ணாடி ஜாடிகளில் வண்ண நீர் கொண்டுவந்திருந்தார். நான் அவற்றை ஒரே தட்டில், அழகாக, அருகருகே வைத்துவிட்டேன். மேடைக்கு வந்தவர் உரையைத் தொடங்காமல் தட்டைச் சுட்டிக்காட்டினார்.

"மிஸ், எங்கள் எல்லாரையும் சாகடிச்சுப் போட்டியள்."

"வெறும் கலர் தண்ணிதானே, குலேந்திரன்!"

"தண்ணிதான். ஒண்டைத் தூக்கிக்கொண்டு வெளியில போங்கோ. சிந்தக் கூடாது."

பிள்ளைகள் சிரித்தார்கள். விளிம்புவரை நிறைந்த ஜாடியோடு நீண்ட மண்டபத்தைக் கடந்தேன். பாதி வழியில் ஜாடியை இரு கைகளாலும் பிடித்து அடிமேல் அடி வைத்தேன்; சிரிப்பு நின்றது. கதவை அடைந்தபோது அவர் குரல் கேட்டது.

"மிஸ் நடந்த மாதிரித்தான் எரிபொருள் நிரப்பினவை ஒவ்வொரு நாளும் நடந்தவை. சிலர் திரும்பி வரேல்லை."

நான் அடித்த பத்தி முழுவதும் அந்த இரண்டு வாக்கியங்களில் வந்துவிட்டது. என் திருத்தம் தவறு என்று அன்றே அவரிடம் சொன்னேன். இத்தனை ஆண்டுகளில் அப்படி நான் ஒப்புக்கொண்டது அவரிடம் மட்டும்தான்.

இறுதிச் சடங்கு முடிந்ததும் மீரா இரண்டு ஜாடிகளையும் என்னிடம் நீட்டினாள். ஒன்றை மட்டும் வாங்கிக்கொண்டேன். அது மவுண்ட் வெல்லிங்டனில், என் வீட்டில், மறைந்த என் கணவரின் படத்துக்குக் கீழே இருக்கிறது. மற்றது துறைமுகப் பாலத்துக்கு அப்பால், கிளென்ஃபீல்டில், மீராவிடம். அங்கேயே இருக்கட்டும்.