மகாராணியின் நாட்குறிப்பும் அம்மாவின் விடுமுறையும்

நூலகத்திலிருந்து நான் எடுத்துவந்த அந்தப் புத்தகத்தை அம்மாவுக்கு நான்தான் வாசித்துக் காட்டினேன். எப்போதோ ஒரு சிறிய குளிர்நாட்டை ஆண்ட மகாராணி, கோடைதோறும் கணவரையும் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு நாட்டுப்புறத்து வீடொன்றுக்குப் போய், அங்கே நடந்ததைத் தனக்கென்று எழுதிவைத்த நாட்குறிப்புகள் அவை. அதில் அரசியல் ஒன்றும் இல்லை. வானிலை, நடந்த தூரம், சாப்பாடு, வந்தவர்கள். எல்லா நாளும் இதே ஒழுங்கு. பாலம் தாண்ட மறுத்த கோவேறு கழுதைக்கு மட்டும் இரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தார். நான் மென்பொருள் சோதிக்கும் வேலை செய்கிறவள். ஒழுங்காகப் பதிவுசெய்கிற எவரையும் எனக்குப் பிடிக்கும்.

அம்மா கறிவேப்பிலை உருவிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். ஓரிடத்தில் கை நின்றது. அன்று மழை என்றும் ஒருவரும் வரவில்லை என்றும் மகாராணி எழுதியிருந்தார். அந்த நாளுக்கு அவ்வளவுதான்.

"திருப்பி வாசி," என்றார். வாசித்தேன்.

"ஒருத்தருமோ?"

"ஒருத்தரும் இல்லையாம்."

"குடுத்து வைச்சவ."

பாரிஸில், தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில் எங்கள் பலசரக்குக் கடை; கடைக்கு மேலே வீடு. இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை என்றாலும் பட்டியலிடுகிறேன். ஊருக்குப் போகிறவரிடம் கொடுத்துவிடச் சொல்லிப் பார்சல் கொண்டுவருகிறவர், அந்தப் பார்சலை எடுக்க வருகிறவர், பொபினியில் விசா அலுவலாக வரிசையில் நின்று களைத்தவர், புறநகர் கார்ஜிலிருந்து சீலை எடுக்க வந்து கால் வலிக்கிறவர், ஒரு காரணமும் இல்லாதவர். எல்லோரும் மேலே ஏறி வந்து தேத்தண்ணி குடித்துவிட்டுத்தான் போவார்கள். ஒரு சனிக்கிழமை எண்ணிப் பார்த்தேன். இருபத்துமூன்று பேர். ஊரடங்குக் காலத்தில்கூடப் படியில் பார்சலை வைத்துவிட்டு, இரண்டு மீட்டர் தள்ளி நின்று சுகம் விசாரித்தார்கள்.

"எனக்கும் ஒரு நாள் உப்பிடி எழுதவேணும்," என்றார் அம்மா. "ஒரு நாள் காணும். நான் சொல்லுவன், நீ எழுது."

அந்தக் குறிப்புகள் மகாராணி இறந்த பிறகுதான் அச்சாயின என்று நான் சொன்னதும், அப்படியென்றால் யோசித்துத்தான் எழுதவேண்டும் என்றார்.

அப்பா இழவு விழுந்தாலொழியக் கடையைப் பூட்டியதில்லை. ஆனால் அம்மா எதையும் இரண்டாம் முறை கேட்பதில்லை; முதல் முறை கேட்பதே அரிது. அதனால் ஓகஸ்டில் ஒரு கிழமைக்கு நோர்மண்டிப் பக்கம் ஒரு பள்ளத்தாக்கில் வீடு வாடகைக்கு எடுத்தோம். தொலைபேசிக்கு அலைவரிசை கிடைக்காத இடமாக அம்மாவே தேர்ந்தெடுத்தார். நான் நாற்பத்தொரு வரியில் சாமான் பட்டியல் தயாரித்தேன். அம்மா அதில் இடியப்ப உரலையும் இருபது கிலோ அரிசியையும் சேர்த்தார். மூன்று பேருக்கு ஏழு நாளைக்கு இருபது கிலோவா என்று கேட்டேன். யாராவது வந்தால் என்று சொல்லத் தொடங்கியவர், பாதியில் நிறுத்திப் பத்துக் கிலோ என்று திருத்தினார்.

பிழை விட்டது அப்பாதான். கடைக் கதவில் லீவு என்று எழுதினால் கண்ணூறு படும் என்று நினைத்தவர், ஒரு கிழமைக்குக் கடை பூட்டு என்று மட்டும் எழுதி ஒட்டினார். காரணம் இல்லை. அவசரத்துக்கு என்று சித்தப்பாவிடம் மட்டும் விலாசத்தைக் கொடுத்து, ஒருவருக்கும் ஒன்றும் சொல்லாதே என்றார்.

முதல் நாள், வீட்டுக்காரப் பிரெஞ்சு அம்மா சாவி தர வந்தார். இரண்டாம் நாள், எந்தக் குப்பையை எந்த வாளியில் போடவேண்டும் என்று காட்ட வந்தார். அவரைக் கணக்கில் எடுக்கவேண்டாமே என்றேன். வந்தால் வந்ததுதான் என்று அம்மா கண்டிப்பாக இருந்தார்.

மூன்றாம் நாள் காலை பத்து மணிக்கு, எங்கள் வாசலில் இரண்டு வான்கள் வந்து நின்றன. பதினொரு பேர், அனைவரும் வெள்ளை உடுப்பு. கையில் சுடுதண்ணிப் போத்தல்கள், இடியப்பப் பெட்டி, சொதி வாளி. லா சப்பலில் நடந்ததைப் பிறகுதான் விளங்கிக்கொண்டோம். கடை பூட்டு, காரணம் இல்லை, மூன்று பேரின் தொலைபேசியும் வேலை செய்யவில்லை, சித்தப்பாவைக் கேட்டால் ஒன்றும் சொல்லமாட்டேன் என்று நிலத்தைப் பார்க்கிறார்; அழுது கேட்டதும் விலாசத்தை மட்டும் நீட்டியிருக்கிறார். அப்பா சனிக்கிழமை அரிசி மூட்டை தூக்கியதைப் பலர் கண்டிருந்ததால், போனது அம்மாதான் என்று முடிவாகியிருந்தது. இழவு வீட்டில் அடுப்பு மூட்டமாட்டார்களே என்று சமைத்தும் கொண்டுவந்துவிட்டார்கள்.

கதவைத் திறந்தது அம்மா.

முன்னால் நின்ற, எங்கள் தெரு நகைக்கடை அன்ரி, கையிலிருந்த போத்தலோடு படியில் அப்படியே குந்திவிட்டார்.

"அக்கா, வழியிலை பொந்துவாஸ் தாண்டினதிலை இருந்து அழுதுகொண்டு வந்தனான். இனி நான் என்ன செய்யிறது?"

"உள்ளை வா," என்றார் அம்மா. வேறு என்ன சொல்ல முடியும்?

அப்பா அரைக் காற்சட்டையோடு வீட்டுக்குப் பின்னால் ஓடையில் தூண்டில் போட்டுக்கொண்டிருந்தார். வந்தவர்களைக் கண்டதும் அவருடைய முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன்; அம்மாவும் பார்த்தார். கொண்டுவந்த இடியப்பம் வீணாகக்கூடாது என்று சாப்பிட்டார்கள். வந்தது வந்தோம் என்று, மத்தியானம் அம்மா ஆக்கிய சோற்றையும் சாப்பிட்டு, மாலைவரை சீட்டு விளையாடினார்கள். அம்மாவின் நல்ல குணங்களைப் பற்றி வழி முழுக்கப் பேசிவந்ததாகச் சொன்னார்கள். அவை என்னென்ன என்று அம்மா கேட்டபோது, தேத்தண்ணி நல்லாப் போடுவீங்கள் என்பதற்கு மேல் ஒருவருக்கும் நினைவு வரவில்லை.

நான்காம் நாள் சித்தப்பா மன்னிப்புக் கேட்கக் குடும்பத்தோடு வந்தார். ஐந்தாம் நாள், முன்பின் தெரியாத ஒருவர் வந்து, தான் நாளை யாழ்ப்பாணம் போவதாகவும் அக்கா ஏதும் பார்சல் கொடுத்துவிடுவாரா என்று கேட்டுப்போக வந்ததாகவும் சொன்னார். விலாசம் எப்படிக் கிடைத்தது என்றதற்கு, லா சப்பலில் எல்லோருக்கும் தெரியும் என்றார். அவரையும் சாப்பிடவைத்துத்தான் அனுப்பினோம். அன்று என் குறிப்பேட்டில் பிழை அறிக்கை எழுதுவதுபோல எழுதினேன். எதிர்பார்த்தது: பூச்சியம். கிடைத்தது: ஒன்று.

மிஞ்சியது ஆறாம் நாள் ஒன்றுதான். மறுநாள் காலை சாவி கொடுக்கவேண்டும். அம்மா விடியவே எழும்பி, தெருப்பக்கத்து யன்னல்களைச் சாத்தி, காரைக் கொட்டிலுக்குப் பின்னால் நிறுத்தச் சொன்னார். பிறகு அப்பிள் மரத்தடியில் ஒரு கதிரையில் இருந்து, இன்னொரு கதிரையில் காலை நீட்டினார். மாலை நாலரைவரை ஒன்றும் செய்யவில்லை. அம்மாவின் உள்ளங்கால்களை நான் அன்றுதான் நிதானமாகப் பார்த்தேன்.

நாலரைக்குக் கதவு தட்டப்பட்டது.

அம்மா உள்ளே ஓடிவந்து எங்களைக் குசினி மேசைக்குப் பின்னால் குந்தவைத்தார். "மதாம்?" என்று வீட்டுக்காரப் பிரெஞ்சு அம்மாவின் குரல். மீண்டும் "மதாம்?" அப்பாவின் உடம்பு தானாகவே எழும்பியது. முப்பது வருசமாகக் கடை வைத்திருக்கிற மனிதர். கதவு தட்டும் சத்தத்துக்கு அவரால் சும்மா இருக்க முடியாது.

"இருங்கோ," என்று அம்மா அவருடைய சேர்ட் நுனியைப் பிடித்தார். "என்னைச் சாகடிச்சவையளுக்கே சோறு போட்டிட்டன். இண்டைக்கு ஏலாது."

அந்த நேரம் பார்த்து மின்சாரச் சோற்றுப் பானை டக்கென்று அணைந்தது. வெளியே கேட்டிருக்கும். காகிதம் சரசரத்தது. பிறகு காலடிகள் தேய்ந்து போயின.

பத்து நிமிடம் கழித்து நான் கதவைத் திறந்தேன். படியில் ஒரு கூடையில் பன்னிரண்டு முட்டைகள். அவற்றின் மேல் ஒரு சிறு கடிதம். வெள்ளை உடுப்போடு இத்தனை பேர் வந்து போனதைக் கண்டதாகவும், எங்கள் துக்கத்தில் தானும் பங்குகொள்வதாகவும், இனித் தொந்தரவு செய்யமாட்டேன் என்றும் எழுதியிருந்தார்.

நான் குறிப்பேட்டை எடுத்தேன். ஒருவரும் வரவில்லை என்று எழுதச் சொன்னார் அம்மா. அது உண்மையில்லையே என்றேன்.

"அவ வாசலுக்கு வந்தவ. வீட்டுக்கு வரேல்லை. உன்ரை மகாராணியும் கதவுக்குப் பின்னாலை குந்தி இருந்துதான் எழுதியிருப்பா."

முழுப் புத்தகத்தையும் வாசித்த எனக்கு அது தோன்றியதே இல்லை. எழுதினேன். சாப்பாடு என்ற இடத்தில் முட்டைப் பொரியல் என்று போட்டேன். முட்டை எங்கிருந்து வந்தது என்று வரலாற்றாசிரியர்கள் கேட்டால் கேட்கட்டும்.

அப்பா கடிதத்தை இரண்டாம் தடவை வாசித்துக்கொண்டிருந்தார். "பாவம், நல்ல மனுசி," என்றார். "ஒருத்தரும் சாகேல்லை எண்டு ஒருக்காப் போய்ச் சொல்லிப்போட்டு வாறன்."

"நாளைக்குச் சாவி குடுக்கேக்கை சொல்லுவம்," என்ற அம்மா, தேத்தண்ணிக் கோப்பையை எடுத்துக்கொண்டு பின்கதவால் இறங்கினார். "இண்டைக்கு இது செத்தவீடாவே இருக்கட்டும்."